இலவச வாட்டர் டெஸ்ட்: எட்டு மாதம் கழித்து ஒரு ரிவ்யூ

வீட்டுக்கே வந்து செய்துகாட்டும் ஆர்.ஓ. வாட்டர் ப்யூரிஃபையர் டெமோவுக்கும், அதைத் தொடர்ந்து எங்கள் அடுப்படிச் சுவரில் ஏறிய மெஷினுக்கும் சேர்த்து எழுதுகிறேன். மெஷினுக்கு ஐந்துக்கு மூன்று. மாட்ட வந்த அண்ணனுக்கு ஐந்துக்கு ஐந்து. டெமோவுக்கு என்ன போடுவது என்று தெரியாமல்தான் எட்டு மாதமாக இதை எழுதாமல் வைத்திருந்தேன். பூஜ்யம் என்று போட்டால் ஏதோ சர்வீஸ் சரியில்லை என்று நினைத்துவிடுவீர்கள், ஆனால் அந்தப் பையன் அதில் ஒரு குறையும் வைக்கவில்லை, சொன்ன நேரத்துக்கு வந்தான், ஷூவைக் கழற்றி வாசலில் ஓரமாக வைத்தான், வாய் நிறைய அக்கா, சார் என்று பேசினான், போகும்போது எங்கள் வீட்டுக்குள் இருபது நாள் சண்டையை இறக்கிவைத்துவிட்டுப் போனான். வயது இருபத்து மூன்றுக்கு மேல் இருக்காது, அதனால் 'ன்' போட்டே எழுதுகிறேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

கம்பெனி பெயர் கேட்காதீர்கள், போடுவதாக இல்லை. இதே டெமோவைப் பெரிய பெயர் உள்ளவர்களிடமிருந்து பெயரே இல்லாதவர்கள் வரை செய்கிறார்கள் என்று எங்கள் அபார்ட்மென்ட்டில் விசாரித்தபோதே தெரிந்துவிட்டது.

சூப்பர் மார்க்கெட் வாசலில் ஒரு பெட்டி வைத்திருந்தார்கள், பெயரும் போன் நம்பரும் எழுதிப் போட்டால் குலுக்கலில் குக்கர். என் வீட்டுக்காரர் எழுதிப் போட்டார். குக்கர் வரவில்லை, போன் வந்தது. 'சார், உங்க ஏரியாவுல ஃப்ரீயா வாட்டர் டெஸ்ட் பண்றோம், வாங்கணும்னு எந்தக் கட்டாயமும் இல்ல' என்றார்கள். ஞாயிற்றுக்கிழமை பத்தரைக்கு காலிங் பெல். நான் இட்லி மாவுக்கு உளுந்து களைந்துகொண்டிருந்தேன்.

எங்கள் தண்ணீர்க் கதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். தாம்பரத்துக்கு அந்தப் பக்கம், பன்னிரண்டு வீடு உள்ள அபார்ட்மென்ட். போர் தண்ணீர் தரைக்கடியில் உள்ள சம்ப்பில் விழுந்து, அங்கிருந்து மாடித் தொட்டிக்கு ஏறி, குழாயில் வரும். முதலில் கேன் தண்ணீர்தான் வாங்கினோம். ஒரு கேனுக்குள் பாசி ஒட்டியிருந்ததைப் பார்த்த நாளில் இருந்து நான் கேனை நிறுத்திவிட்டு, குழாய்த் தண்ணீரை வடிகட்டிக் கொதிக்க வைத்து, ஆறியதும் மண்பானையில் ஊற்றிவிடுவேன். நான்கு வருடமாக அதுதான் குடிநீர். முடிவு என்னுடையது, அவர் சரி என்றார். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

பையன் இரண்டு கண்ணாடி டம்ளர் கேட்டான். ஒன்றில் எங்கள் குழாய்த் தண்ணீர், இன்னொன்றில் அவன் பாட்டிலில் கொண்டுவந்த தண்ணீர். முதலில் பேனா மாதிரி ஒரு மீட்டரை முக்கினான். எங்களுடையது 430, அவனுடையது 32. 'நானூத்தி முப்பதா!' என்று அவன் சொன்ன தொனியில் எனக்கே நெஞ்சு பக்கென்றது, ஜுரம் பார்த்துவிட்டு டாக்டர் முகம் சுளிப்பாரே, அப்படி. அப்புறம் பையிலிருந்து ஒரு பெட்டியை எடுத்தான். கீழே நான்கு கம்பிகள் தொங்கும், டம்ளருக்கு இரண்டாக உள்ளே விட்டு, பிளக்கைச் சொருகி ஸ்விட்சைப் போட்டான். 'அக்கா, இப்ப தண்ணியில இருக்குற அழுக்கெல்லாம் வெளிய வரும் பாருங்க.'

வந்தது. ஒரு நிமிடத்துக்குள் எங்கள் டம்ளரில் முதலில் பச்சையாக ஏதோ கலங்கி, பழுப்பாகி, மேலே கருப்பும் வெள்ளையுமாகத் திப்பி திப்பியாக மிதக்க ஆரம்பித்தது. சாக்கடை என்றால் சாக்கடைதான். பக்கத்து டம்ளர் அப்படியே பளிங்கு. என் மகள் (அப்போது ஆறு வயது) ஓடி வந்து எட்டிப் பார்த்துவிட்டு, 'அம்மா, இதையா நம்ம குடிக்கிறோம்?' என்றாள்.

பையன் அதற்குப் பதில் சொல்லவில்லை. வீட்டுக்காரரைப் பார்த்து, மெதுவாக, 'சாருக்குச் சொந்த ஊர் தருமபுரி பக்கமா?' என்றான்.

அவருக்கு முன்பல் இரண்டிலும் லேசான பழுப்புக் கோடு இருக்கும். சிரிக்கும்போது கை தானாக வாய்க்குப் போகும், கல்யாண ஆல்பத்தில் பாதி படத்தில் அப்படித்தான் நிற்கிறார். தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் நிலத்தடித் தண்ணீரில் ஃபுளோரைடு அதிகம், அதைக் குடித்து வளர்ந்த தலைமுறைக்குப் பல்லில் அந்தக் கறை உண்டு, எலும்பில் பிடித்தால் மூட்டு மடக்க முடியாமல் போகும். ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2013ல் வந்ததற்கே இந்த ஃபுளோரைடு பாதிப்பு ஒரு முக்கியக் காரணம். என் மாமனார் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. இதெல்லாம் பையனுக்குத் தெரிய வேண்டியதில்லை, பல் மட்டும் போதும். 'பாப்பாவுக்கு இப்பதான் நிரந்தரப் பல்லு முளைக்கிற வயசு சார்' என்றான். அவ்வளவுதான். வீட்டுக்காரர் முகம் மாறியதை நான் பார்த்தேன்.

அதற்கப்புறம் அவன் பேசியதெல்லாம் சம்பிரதாயம். பதினெட்டாயிரத்து ஐநூறு, இன்றைக்கு மட்டும் பதினாலாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூறு, ஒரு வருடம் சர்வீஸ் இலவசம், மாதத் தவணை உண்டு. நான் யோசித்துச் சொல்கிறோம் என்றேன். 'தாராளமா அக்கா, ஆனா யோசிக்கிற வரைக்கும் பாப்பா எதைக் குடிக்கும்?' என்றான். பேச்சைக் கவனியுங்கள். கேள்வி என்னிடம், பதில் சொல்ல வேண்டியது அவர்.

நான் உள்ளே போய்க் கிரைண்டரை நிறுத்திவிட்டு வருவதற்குள் அவர் போனில் இரண்டாயிரம் ரூபாய் முன்பணம் அனுப்பிவிட்டார். பத்து வருடத்தில் ஐநூறு ரூபாய்க்கு மேல் எதை வாங்கினாலும் ஒருவரை ஒருவர் கேட்காமல் வாங்கியதில்லை. சோபாவிலிருந்து எழுந்துகொண்டே அவர் என் முகத்தைப் பார்க்காமல், 'புக் பண்ணிட்டேன்' என்றார். பையன் ரசீது எழுதி, பையை மூடி, வாசல் வரை போனவன், வெயிலைப் பார்த்துவிட்டுத் திரும்பி, 'அக்கா, கொஞ்சம் தண்ணி கிடைக்குமா?' என்றான். பானையிலிருந்து மொண்டு கொடுத்தேன். மடமடவென்று குடித்துவிட்டு இன்னொரு சொம்பு வாங்கிக் குடித்தான். வீட்டுக்காரர் அந்த நேரம் பிரவுச்சரைப் படித்துக்கொண்டிருந்தார்.

ஒன்றே முக்கால் மணி நேரம் இருந்திருப்பான்.

அன்று மத்தியானம் முதல் சண்டை. சத்தமே இல்லாத சண்டை, அதுதான் மோசம். அவர் சொன்னது ஒரே ஒரு வாக்கியம்: 'நீதானே கேன் வேண்டாம்னு சொன்ன.' நான் சொன்னதும் ஒரே வாக்கியம்: 'நீங்க என்னைக் கேக்கவே இல்ல.' இரண்டுமே உண்மை என்பதால் அதற்கு மேல் பேச ஒன்றுமில்லை. சாயங்காலம் கடைக்குப் போய் ஒரு டஜன் தண்ணீர் பாட்டில் வாங்கி வந்து ஃப்ரிட்ஜ் பக்கத்தில் அடுக்கினார். மெஷின் வருகிற வரை மகளுக்கும் அவருக்கும் பாட்டில், எனக்குப் பானை. ஒரே வீட்டில் இரண்டு தண்ணீர். மறுநாள் ராத்திரி சாப்பிட உட்கார்ந்தவர் கையைத் தட்டில் வைத்துக்கொண்டே கேட்டார்: 'ரசம் எந்தத் தண்ணியில வச்ச?'

பத்து வருடம் என் சமையலில் உப்பு அதிகம், புளி கம்மி என்று எதையாவது சொல்லியிருப்பார், அதெல்லாம் எனக்கு ஒரு பொருட்டே இல்லை. இந்தக் கேள்விக்கு என் கை நடுங்கியது. மகளோ பள்ளிக்கு நான் நிரப்பிக் கொடுத்த தண்ணீர் பாட்டிலை மூடி திறக்காமல் அப்படியே திருப்பிக் கொண்டுவந்தாள். 'அழுக்கு வரும்மா' என்றாள். பக்கத்து வீட்டுக்கு விளையாடப் போனவள் அங்கேயும் தண்ணீர் வாங்கிக் குடிக்க மாட்டேன் என்று சொல்லி, அந்த அம்மா என்னிடம் வந்து ஒரு மாதிரி கேட்டார். மாமியார் ஊரிலிருந்து போன் செய்து, 'ஏம்மா, தண்ணி சரியில்லையாமே?' என்று பக்குவமாக ஆரம்பித்தார். அவருக்கு யார் சொன்னது என்று நான் கேட்கவில்லை.

சரி, அந்தக் கம்பி விஷயத்துக்கு வருகிறேன். இதை எழுத எனக்கே வெட்கமாக இருக்கிறது, ஏனென்றால் நான் பி.எஸ்சி. வேதியியல். இப்போது வீட்டிலிருந்தபடி இரண்டு கடைக்குக் கணக்கு எழுதுகிறேன், சோதனைக் குழாயைத் தொட்டுப் பல வருடம் ஆகிறது, ஆனாலும் அந்த ஞாயிற்றுக்கிழமை அது எனக்கு உறைத்திருக்க வேண்டும். உறைத்தது செவ்வாய்க்கிழமை ராத்திரி, பாத்திரம் தேய்க்கும்போது, துருப்பிடித்த கரண்டி ஒன்று கையில் வந்ததும்.

அந்த நான்கு கம்பியில் இரண்டு இரும்பு, இரண்டு அலுமினியம், டம்ளருக்கு ஒரு இரும்பு, ஒரு அலுமினியம். தண்ணீரில் கரைந்த உப்புகள் இருந்தால் அதன் வழியாக மின்சாரம் பாயும், பாய்ந்தால் கம்பிதான் கரையும். இரும்பு கரைந்து இரும்பு ஹைட்ராக்சைடாக மாறும்போது முதலில் பச்சை, காற்றுப் பட்டதும் துருப் பழுப்பு. அலுமினியம் வெள்ளைத் திப்பியாக மிதக்கும். நாங்கள் பார்த்துப் பதறிய 'அழுக்கு' முழுவதும் அவன் பையிலிருந்து வந்தது. அவன் கொண்டுவந்த ஆர்.ஓ. தண்ணீரில் உப்பு கிட்டத்தட்ட இல்லை, மின்சாரம் சரியாகப் பாயாது, கம்பி கரையாது, அதனால் பளிங்கு. காவிரியில் நேரே அள்ளிக்கொண்டு வந்தாலும், தாது உப்புள்ள நல்ல மினரல் வாட்டர் ஊற்றினாலும் அந்தக் கம்பி கலக்கத்தான் செய்யும்.

அந்தப் பேனா மீட்டரும் கிட்டத்தட்ட அதே கதைதான். பொய் சொல்லாது, ஆனால் அதற்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று: தண்ணீரில் மின்சாரம் எவ்வளவு சுலபமாகப் பாய்கிறது என்று பார்த்து, அதை ஒரு எண்ணால் பெருக்கி, கரைந்த உப்பு லிட்டருக்கு இத்தனை மில்லிகிராம் என்று காட்டும். அதுதான் டி.டி.எஸ். கால்சியம், மெக்னீசியம், சோடியம், பைகார்பனேட், குளோரைடு எல்லாம் சேர்ந்த மொத்தம். எது எவ்வளவு என்று சொல்லாது. கிருமி இருக்கிறதா, தெரியாது. ஃபுளோரைடு 0.4 இருக்கிறதா 4 இருக்கிறதா, தெரியாது, 430ல் அது ஒரு தூசி. இந்தியக் குடிநீர்த் தர நிர்ணயம் என்று ஒன்று இருக்கிறது, ஐ.எஸ். 10500, 2012ல் திருத்தியது. அதில் டி.டி.எஸ். 500 வரை ஏற்கத்தக்கது, வேறு தண்ணீருக்கு வழியே இல்லை என்றால் 2000 வரை அனுமதி. எங்கள் 430 அந்த முதல் கோட்டுக்கே கீழே. 2019 மே மாதம் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம், டி.டி.எஸ். 500க்குக் குறைவாக உள்ள இடங்களில் ஆர்.ஓ.வைத் தடை செய்ய வழி செய்யுங்கள் என்று சுற்றுச்சூழல் அமைச்சகத்துக்கே உத்தரவிட்டது, தண்ணீர் வீணாவதைக் காரணம் காட்டி. அதாவது எங்கள் வீட்டு மாதிரி வீட்டுக்கு.

இதையெல்லாம் அன்று ராத்திரியே அவரிடம் சொன்னேன். சொன்ன விதம் சரியில்லை என்று இப்போது தெரிகிறது, கையில் துருப்பிடித்த கரண்டியோடு நின்றுகொண்டு, ஜெயித்துவிட்ட குரலில். போகும்போது அந்தப் பையன் நம் பானைத் தண்ணீரை இரண்டு சொம்பு குடித்தான் தெரியுமா என்றும் சேர்த்தேன். அவர் கேட்டுவிட்டு, 'அப்ப இதுல ஃபுளோரைடு இல்லன்னு உனக்குத் தெரியுமா?' என்றார்.

தெரியாது. அதுதான் விஷயம். நான்கு வருடம் கொதிக்க வைத்தேன், கொதிக்க வைத்தால் கிருமி சாகும், ஃபுளோரைடு போகாது, தண்ணீர் ஆவியாகிக் குறைவதில் அதன் அளவு கொஞ்சம் அதிகமாகத்தான் செய்யும். வேதியியல் படித்த எனக்கு அவருடைய பல்லைத் தினமும் பார்த்தும் ஒரு முறை தண்ணீரைச் சோதித்துப் பார்க்கத் தோன்றவில்லை. அந்தப் பையன் முன்பின் தெரியாத ஆள், பத்து நிமிடத்தில் அவருடைய பயம் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடித்துவிட்டான். இதை நான் அவரிடம் சொல்லவில்லை. மனதுக்குள் வைத்துக்கொண்டு இன்னும் இரண்டு நாள் பேசாமல் இருந்தேன்.

ஆர்டரை ரத்து செய்ய நான் தனியாக முயற்சி செய்ததையும் எழுதிவிடுகிறேன். கஸ்டமர் கேரில் முன்பணம் திரும்ப வராது என்றார்கள், மேனேஜர் கூப்பிடுவார் என்றார்கள், யாரும் கூப்பிடவில்லை. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915 எனக்குத் தெரியும். ஆனால் கூப்பிட்டு என்ன புகார் சொல்வது? பணம் கட்டியவர் மனமுவந்து கட்டியிருக்கிறார், அவர் என் வீட்டுக்காரர்.

வியாழக்கிழமை மெஷின் வந்தது. மாட்ட வந்தவருக்கு ஐம்பது வயது இருக்கும், தோளில் பை, காதில் பென்சில். சிமென்ட் தூசி கீழே விழாமல் பழைய பேப்பரை விரித்துவிட்டுத்தான் டிரில்லைத் தொட்டார். ப்ரீ ஃபில்டர், மண் தூசியைப் பிடிக்கும் செடிமென்ட் ஃபில்டர், கார்பன், உப்பைப் பிடிக்கும் சவ்வான மெம்பரேன், கிருமியைக் கொல்லும் யு.வி. விளக்கு என்று ஒவ்வொன்றையும் காட்டி, எது எதற்கு என்று நான் கேட்காமலே சொன்னார். கார்பன் எதற்கு என்றால் தண்ணீரில் குளோரின் இருந்தால் மெம்பரேனை அரித்துவிடும், அதைப் பிடித்துக்கொள்ள. வெளியே வந்த தண்ணீர் 35 காட்டியது. உள்ளே ஒரு சின்னத் திருகு இருக்கிறது, அதைத் திருப்பினால் மூலத் தண்ணீர் கொஞ்சம் கலக்கும், 90க்கு வைத்துவிட்டு, 'முப்பத்தஞ்சுல ருசியே இருக்காதும்மா' என்றார். பிறகு பின்னால் திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைக் குறைத்து, 'உங்க தண்ணிக்கு யு.வி. மெஷினே போதும். புக் பண்றதுக்கு முன்னாடி எங்கள மாதிரி ஆளக் கேக்க மாட்டேங்கறாங்களே' என்றார். ஐந்துக்கு ஐந்து இதற்குத்தான். அவர் காபி வேண்டாம் என்றார், மோர் குடித்தார்.

மெஷின் எப்படி என்றால், நன்றாகத்தான் இருக்கிறது. ஒரு தடவையும் பழுதாகவில்லை. தொட்டி எட்டு லிட்டர், மூவருக்குப் போதும். கரண்ட் போனால் தொட்டியில் உள்ளது வரும். பம்ப் சத்தம் ராத்திரியில் கொஞ்சம் கேட்கும், பழகிவிட்டது. ருசி தட்டை. காபிக்குப் பரவாயில்லை, ஃபில்டர் டிகாஷன் நன்றாகவே இறங்குகிறது, வெறும் தண்ணீராகக் குடித்தால் எனக்குத் தாகம் அடங்கிய மாதிரி இல்லை, அதனால் இப்போதும் இதையே மண்பானையில் ஊற்றித்தான் குடிக்கிறேன். வீணாகும் தண்ணீர் பற்றி பிரவுச்சரில் ஒரு வரி கூட இல்லை. நான் பக்கெட் வைத்து அளந்தேன்: ஒரு லிட்டர் நல்ல தண்ணீருக்கு இரண்டரை லிட்டர் வெளியே போகிறது. ஒரு நாளைக்குப் பத்து லிட்டர் எடுத்தால் இருபத்தைந்து லிட்டர். அந்தக் கழிவுத் தண்ணீரில் மீட்டரை வைத்தால் 570 (ஆமாம், அந்தப் பேனா மீட்டர் நானும் ஒன்று வாங்கிவிட்டேன்). வீடு துடைக்க, கழிப்பறைக்கு ஊற்ற என்று பிடித்து வைத்துக்கொள்கிறேன், தொட்டிச் செடிக்கு ஊற்றுவதில்லை, உப்பு ஏறிவிடும். இந்தப் பக்கெட்டைத் தூக்குவதற்கே மெஷினுக்கு ஒரு மதிப்பெண்ணைக் குறைத்தேன். இன்னொன்று, தேவையே இல்லாத வீட்டில் மாட்டியதற்கு, அது மெஷினின் தப்பு இல்லை என்றாலும்.

தேவை இருக்கிற வீடு உண்டு, அதையும் சொல்ல வேண்டும். என் தங்கை ஓ.எம்.ஆர். பக்கம் இருக்கிறாள், அவள் வீட்டு போர் தண்ணீர் 1,600 காட்டுகிறது, பருப்பு வேகாது, பாத்திரத்தில் வெள்ளையாகப் படியும். அவளுக்கு ஆர்.ஓ. தவிர வழியில்லை. ஃபுளோரைடு உள்ள ஊருக்கும் அப்படித்தான், மெம்பரேன் அதை நன்றாகவே பிடிக்கும். யாருக்கு எது என்று தண்ணீரைச் சோதித்தால்தான் தெரியும், அதுவும் விற்க வந்தவன் கையால் சோதித்தால் தெரியாது.

இரண்டாவது வாரம் சனிக்கிழமை நான் இரண்டு காரியம் செய்தேன். ஒன்று, சமையல் மேடையில் மெஷின் தண்ணீரை இரண்டு டம்ளரில் பிடித்து, ஒன்றில் ஒரு சிட்டிகை உப்பு போட்டேன். இரண்டு இரும்பு ஆணி, ஒன்பது வோல்ட் பேட்டரி, மகளின் பழைய பொம்மையிலிருந்து பிடுங்கிய ஒயர். ஜன்னலைத் திறந்து வைத்தேன், உப்புத் தண்ணீர் என்பதால் லேசாக குளோரின் வாடை வரலாம். மகளை ஸ்டூலில் ஏற்றி நிறுத்தினேன். உப்பில்லாத டம்ளரில் ஆணியை விட்டேன், ஒன்றுமில்லை, இரண்டொரு குமிழி. உப்பு போட்டதில் விட்டேன். ஆணியைச் சுற்றி மஞ்சளாகப் புகை மாதிரி இறங்கியது, ஐந்து நிமிடத்தில் பச்சைப் பழுப்பு, அப்புறம் நன்றாகக் கலங்கி அன்றைக்குப் பார்த்த அதே சாக்கடை. 'அம்மா, இது நம்ம புது மெஷின் தண்ணியாச்சே!' என்றாள். 'ஆமா. அழுக்கு எங்க இருந்து வந்துச்சு?' ஆணியை வெளியே எடுத்துக் காட்டினேன், ஒரு பக்கம் சொறி பிடித்த மாதிரி அரித்திருந்தது. அவள் அதைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

வீட்டுக்காரர் அடுப்படி வாசலில் நின்று முழுவதையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். முடிந்ததும், 'கேஸ் புக் பண்ணியாச்சா?' என்று கேட்டுவிட்டுப் போய்விட்டார். எங்கள் வீட்டில் அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியும்.

இரண்டாவது காரியம்தான் முதலிலேயே செய்திருக்க வேண்டியது. லேபுக்குத் தண்ணீர் கொடுத்தேன். குடிநீர் வடிகால் வாரியத்துக்குப் பரிசோதனைக் கூடங்கள் இருக்கின்றன, பணம் கட்டினால் பொதுமக்களுக்கும் பார்த்துக் கொடுப்பார்கள், கிண்டி கிங் இன்ஸ்டிடியூட்டிலும் தண்ணீர்ப் பரிசோதனை உண்டு. எனக்குப் பக்கத்திலேயே ஒரு தனியார் லேப் இருந்ததால் அங்கே போனேன், பில் ஆயிரத்துத் தொள்ளாயிரம். ரசாயனச் சோதனைக்கு இரண்டு லிட்டர், சோதிக்கிற தண்ணீராலேயே மூன்று தடவை அலசிய கேனில். கிருமிச் சோதனைக்கு அவர்களே சுத்திகரித்த பாட்டில் தருவார்கள், அதை மட்டும் அலசக் கூடாது, மூடியின் உள்பக்கத்தைத் தொடக் கூடாது, ஐஸ் வைத்து அன்றைக்கே கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். நான் இரண்டு பாட்டில் கொடுத்தேன், ஒன்று குழாய்த் தண்ணீர், ஒன்று நான் கொதிக்க வைத்து ஊற்றிய பானைத் தண்ணீர்.

ஒரு வாரத்தில் ரிப்போர்ட் வந்தது. அவர் ஆபீஸிலிருந்து வரும்வரை நான் கவரைப் பிரிக்கவில்லை. இரண்டு பேரும் டைனிங் டேபிளில் உட்கார்ந்து, பரீட்சை ரிசல்ட் பார்ப்பது போலப் பிரித்தோம். அவர் விரலை வைத்து நேரே ஃபுளோரைடு வரிக்குப் போனார். 0.4. ஏற்கத்தக்க அளவு 1.0, உச்ச அனுமதி 1.5. விரல் அந்த வரியிலேயே கொஞ்ச நேரம் இருந்தது. பிறகு நைட்ரேட் 12, கடினத்தன்மை 240, டி.டி.எஸ். 436. கடினத்தன்மை மட்டும் 200ஐத் தாண்டியிருந்தது, 600 வரை அனுமதி, சோப்பு நுரை வராதே தவிர ஆளை ஒன்றும் செய்யாது.

அடுத்த பக்கத்தில் கிருமி. குழாய்த் தண்ணீரில் கோலிஃபார்ம் இருக்கிறது, தண்ணீரில் அசுத்தம் கலந்திருக்கலாம் என்று காட்டிக்கொடுக்கும் பாக்டீரியா வகை. நூறு மில்லியில் ஒன்று கூட இருக்கக் கூடாது என்பது விதி. பானைத் தண்ணீரில் இல்லை.

இதை மூன்று தடவை படித்தேன், இரண்டு தடவை சந்தோஷத்துக்கு. அந்த ஒன்றே முக்கால் மணி நேரத்தில் பையன் இந்த ஒரு விஷயத்தைப் பற்றிப் பேசவே இல்லை. பேச முடியாது, அவன் மீட்டருக்கும் கம்பிக்கும் கிருமி கண்ணில் படாது. எங்கள் தண்ணீரில் உண்மையாகவே இருந்த ஒரே கோளாறு அவனுக்குத் தெரியாத கோளாறு, அதற்கு நான் நான்கு வருடமாகக் கேஸ் செலவழித்து வைத்தியம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கோலிஃபார்ம் எங்கிருந்து வந்தது? சம்ப்பிலிருந்து. சம்ப் ஒன்றரை வருடமாகச் சுத்தம் செய்யவில்லை. அபார்ட்மென்ட் அசோசியேஷனில் மெயின்டனன்ஸ் பொருளாளர் யார் என்று கேட்கிறீர்களா? ரிப்போர்ட்டிலிருந்து தலையை நிமிர்த்தாமல், 'போன தடவையே ஆள் கூப்பிடணும்னு நெனச்சேன்' என்றார் பொருளாளர். நான் ஒன்றும் சொல்லவில்லை. ரசத்துக்குக் கணக்கு அங்கேயே தீர்ந்தது.

அடுத்த ஞாயிறு நான்கு பேர் வந்து சம்ப்பையும் மாடித் தொட்டியையும் இறைத்துத் தேய்த்து, பிளீச்சிங் பவுடர் போட்டுக் கழுவினார்கள். சம்ப் அடியில் அரை அடிக்கு மேல் சேறு, ஒரு பிளாஸ்டிக் மக், யாரோ ஒருவரின் ஒற்றைச் செருப்பு. இவர் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு காலையிலிருந்து கூடவே நின்றார். மேலே வந்து குளித்துவிட்டு, பானையிலிருந்து தானாகவே மொண்டு குடித்தார். பிறகு சொன்னார், சின்ன வயதில் ஊரில் பள்ளிக்கூட போட்டோ எடுக்கும்போது வாத்தியார் வாயை மூடிக்கொண்டு நில்லுங்கடா என்பாராம், மொத்த வகுப்புக்கும். பத்து வருடத்தில் இதை அவர் என்னிடம் சொன்னதில்லை.

அந்தப் பையன் மேல் எனக்குக் கோபம் போய்விட்டது. அவனுக்கு மாத டார்கெட், எந்த வீட்டில் எதைத் தொட்டால் திறக்கும் என்று யாரோ அவனுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள், அந்தக் கம்பியில் உள்ள சூது அவனுக்கே தெரியுமோ என்னவோ. தெரிந்திருந்தால் எங்கள் பானைத் தண்ணீரைக் குடித்ததில் ஆச்சரியமில்லை, தெரியாமல் குடித்திருந்தால் அவனை நினைத்துச் சிரிப்புதான் வருகிறது. அவனைப் பழக்கிவிட்ட கம்பெனி மேல் கோபம் அப்படியேதான் இருக்கிறது. டெமோவுக்கு மதிப்பெண் போடவில்லை, காலியாகவே விடுகிறேன்.

போன வாரத்திலிருந்து மெஷினில் ஃபில்டர் மாற்றச் சொல்லிச் சிவப்பு விளக்கு எரிகிறது. கம்பெனியில் கேட்டால் இது இலவச சர்வீஸில் வராதாம், ஃபில்டர் செட்டும் மெம்பரேனும் சேர்த்து ஆறாயிரத்துச் சொச்சம் என்கிறார்கள். எட்டு மாதத்தில் மெம்பரேன் போயிருக்காது, வெளியே வரும் தண்ணீர் இன்னும் 90, 95க்குள்தான் இருக்கிறது, செடிமென்ட் ஃபில்டரை மட்டும் பார்த்தால் போதும் என்று மாட்டிய அண்ணன் போனில் சொன்னார். வருகிற சனிக்கிழமை அவரையே தனியாக வரச் சொல்லியிருக்கிறார் வீட்டுக்காரர். என்னைக் கேட்டுவிட்டுத்தான் போன் செய்தார்.